பார்பரோசா: படையெடுப்பும் இனவழிப்பும் ஒரே திட்டமாக ஓடியது எப்படி?

ஹட்டன்_வரலாறு கேட்கிறார்:

எல்லாருக்கும் வணக்கம். 1941 ஜூன் 22 அன்று ஜேர்மனி சோவியத் யூனியனுக்குள் புகுந்ததை, அதாவது பார்பரோசா என்று பெயரிட்ட படையெடுப்பை, உயர்தர வகுப்புப் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறேன். விடைத்தாள்களில் ஒரே குறை திரும்பத் திரும்ப வருகிறது. இரண்டு பக்கத்துக்குத் தாங்கிகள், மூன்று படைத்தொகுதிகள், மொஸ்கோ, பனி என்று எழுதிவிட்டு, கடைசியில் "இதன்போது யூதர்களும் கொல்லப்பட்டனர்" என்று ஒரு வரி. யுத்தம் ஒரு பக்கம், கொலை இன்னொரு பக்கம் என்றே பிள்ளைகள் மனதில் பதிந்துவிட்டது. அது பிழை என்று எனக்குத் தெரியும். ஆனால் இரண்டும் எந்த இடத்தில் முடிச்சுப் போட்டிருக்கின்றன என்று ஆதாரத்தோடு காட்ட வேண்டும்.

மூன்று விஷயம் தெளிவாக வேண்டும். கொலைக்கான ஏற்பாடு யுத்தத்துக்கு முன்னமே இருந்ததா, யுத்தத்தின் வெறியில் வந்ததா? கொலைப் படைகளில் இருந்தவர்கள் சில ஆயிரம் பேர்தான் என்கிறார்கள். அத்தனை இலட்சம் பேரை அவர்களால் எப்படிக் கொல்ல முடிந்தது, இராணுவத்தின் பங்கு என்ன? யுத்தக் கைதிகள் பட்டினியால் செத்தது சாப்பாடு வந்து சேராததாலா, வேண்டுமென்றே செய்ததா? திகதியும் எண்ணிக்கையும் தந்தால் பலகையில் அப்படியே எழுதிப் போடலாம்.

ஊவா_வாசகன்:

டீச்சர், முதல் கேள்விக்குத் திகதி வரிசையே பதில். முதல் குண்டு விழுவதற்கு முன்னமே கொலைக்கான கடதாசி வேலை முடிந்திருந்தது.

1940 டிசம்பர் 18இல் ஹிட்லர் ஒப்பமிட்ட 21ஆம் இலக்கப் பணிப்புரை இராணுவ இலக்கைச் சொல்கிறது: சோவியத் படையான செஞ்சேனையின் பெரும்பகுதியை மேற்கு ரஷ்யாவிலேயே சுற்றிவளைத்து அழிக்க வேண்டும், உள்நாட்டுக்குள் பின்வாங்க விடக்கூடாது. 1941 மார்ச் 13இல் அதற்கு வந்த துணை வழிகாட்டல், இராணுவம் இயங்கும் பிரதேசத்துக்குள்ளேயே, நாஸிக் கட்சியின் ஆயுத அமைப்பான எஸ்.எஸ்.இன் தலைவர் ஹிம்லருக்கு "விசேட பணிகளை" ஒப்படைக்கிறது. மார்ச் 30இல் 200க்கு மேற்பட்ட உயர் அதிகாரிகளைக் கூட்டி, இது அழித்தொழிப்புப் போர் என்று ஹிட்லர் நேரடியாகவே சொன்னார். அந்தக் கூட்டத்தில் இருந்தவர்கள் இராணுவத் தளபதிகள், எஸ்.எஸ். ஆட்கள் அல்ல. இதைப் பிள்ளைகளுக்கு அழுத்திச் சொல்லுங்கள்.

அடுத்து வருகிற இரண்டு ஆவணங்களில்தான் நீங்கள் தேடுகிற முடிச்சு இருக்கிறது.

ஏப்ரல் 28ஆம் திகதிய உத்தரவு தரைப்படைத் தளபதி பிரௌஹிட்ஷின் ஒப்பத்தோடு வந்தது. அதற்கு முன் இராணுவத்தின் வழங்கல் பொறுப்பாளர் எட்வார்ட் வாக்னரும் எஸ்.எஸ். பாதுகாப்புத் தலைமை அலுவலகத்தின் தலைவர் ஹைட்ரிஷும் பேசி முடித்த ஒப்பந்தம் அது. ஐன்ஸாட்ஸ்குருப்பன் எனும் கொலைப் படைகள் பயணம், உணவு மற்றும் பெற்றோல் வழங்கல், தங்குமிடம் ஆகியவற்றுக்கு இராணுவத்தின் கீழ் வரும். யாரை என்ன செய்வது என்ற கட்டளை ஹைட்ரிஷிடமிருந்து வரும். லொறிக்கு எண்ணெய் ஒரு கையிலிருந்து, கொல்லச் சொல்லும் கட்டளை மற்றக் கையிலிருந்து. இராணுவத்துக்குத் தெரியாமல் நடந்தது என்ற பேச்சுக்கே இந்த ஒரு ஆவணம் இடம் வைக்கவில்லை.

மே 13ஆம் திகதிய நீதி அதிகார ஆணை சட்டத்தையே தூக்கிவிட்டது. பொதுமக்கள் மீதான குற்றச்சாட்டுகள் இராணுவ நீதிமன்றத்துக்குப் போகாது. சந்தேகத்துக்குரியவரைச் சுடலாமா என்று ஒரு அதிகாரியே தீர்மானிக்கலாம். பட்டாலியன் தளபதியும் அவருக்கு மேற்பட்டவர்களும் ஒரு கிராமத்துக்கே கூட்டுத் தண்டனை கொடுக்கலாம். படைவீரன் பொதுமக்களுக்குச் செய்யும் குற்றத்துக்கு வழக்குத் தொடுக்க வேண்டிய கட்டாயமும் இல்லை. ஜூன் 6இல் கொமிசார் உத்தரவு: பிடிபடும் செஞ்சேனை அரசியல் அதிகாரிகளை அந்த இடத்திலேயே சுட வேண்டும். இந்த உத்தரவுகளை எழுதியவர்கள் இராணுவத் தலைமையகத்தின் சட்ட அதிகாரிகளும் தளபதிகளும். "ஹிட்லர் சொன்னார், எஸ்.எஸ். செய்தது" என்று மட்டும் எழுதும் விடைக்குப் புள்ளி குறைப்பது நியாயம்தான்.

ஒரு எச்சரிக்கையும் உண்டு. ஜூன் 22க்கு முன் எல்லா யூதர்களையும் கொல்லச் சொல்லும் எழுத்து உத்தரவு எதுவும் கிடைத்ததில்லை. ஜூலை 2இல் ஹைட்ரிஷ் எழுதியதில் கட்சியிலும் அரசாங்கத்திலும் பதவி வகித்த யூதர்கள் என்றுதான் இருக்கிறது. முதல் கிழமைகளில் பெரும்பாலும் வயதுவந்த ஆண்கள். ஓகஸ்ட்டிலிருந்து பெண்களும் குழந்தைகளும். இந்தப் படிநிலையை விட்டுவிட்டு "முதல் நாளிலிருந்தே எல்லாரையும்" என்று எழுதினால் அதுவும் பிழையாகிவிடும்.

நாவலப்பிட்டி_தண்டவாளம்:

வழங்கல் பக்கத்தை நான் சொல்கிறேன். அது விளங்காமல் பட்டினித் திட்டம் விளங்காது.

படையெடுப்பில் ஏறக்குறைய 30 இலட்சம் ஜேர்மன் படையினர், சுமார் 6 இலட்சம் மோட்டார் வாகனங்கள், அதோடு 6 இலட்சத்துக்கு மேற்பட்ட குதிரைகள். எல்லையிலிருந்து சுமார் 500 கிலோமீற்றர் வரைதான் லொறிகளால் ஒழுங்காகச் சுமக்க முடியும் என்பது அவர்களுடைய சொந்தக் கணக்கு. அதற்கு மேலே ரயில்தான். சோவியத் தண்டவாள அகலம் 1524 மில்லிமீற்றர், ஜேர்மன் அகலம் 1435. (நம்ம பதுளைப் பாதை 1676, அது இரண்டையும் விட அகலம்.) வித்தியாசம் 89 மில்லிமீற்றர். சிலிப்பர் எல்லாம் மரம் என்பதால், ஒரு பக்கத் தண்டவாளத்தின் ஆணிகளைப் பிடுங்கி, 89 மில்லிமீற்றர் உள்ளே தள்ளி, மறுபடி ஆணி அடித்தால் வேலை முடியும். அதை வேகமாகவே செய்தார்கள்.

சிக்கல் வேறு இடத்தில். நிலையங்களில் ரயிலைத் தடம் மாற்றும் பொயின்ற்ஸ் ஒவ்வொன்றையும் பிரித்துப் பூட்ட வேண்டும். சோவியத் எஞ்சின்கள் பெரிய தண்ணீர்த் தொட்டியோடு தூரம் ஓடுகிறவை; அதனால் தண்ணீர் நிலையங்கள் தள்ளித் தள்ளி இருந்தன. ஜேர்மன் எஞ்சினுக்கு இடையில் புதிய தண்ணீர் நிலையம் கட்ட வேண்டியிருந்தது. பனிக்காலத்தில் அந்த எஞ்சின்களின் வெளிக்குழாய்கள் உறைந்து வெடித்தன. அகலம் மாறும் நிலையங்களில் ஒரு ரயிலின் சரக்கை இறக்கி மற்றதில் ஏற்ற நாள்கணக்கில் தேக்கம். அனுப்ப முடிந்த கொஞ்ச ரயிலில் எரிபொருளும் வெடிமருந்தும் முதலிடம். குளிர்கால உடுப்பே பின்னால் தேங்கிக் கிடந்தது. ஆகவே "பனி தோற்கடித்தது" என்று பிள்ளைகள் எழுதினால் சிவப்பு மையால் கோடு போடுங்கள். டிசம்பர் 5இல் மொஸ்கோ முன்னால் சோவியத் எதிர்த்தாக்குதல் தொடங்கும்போது ஜேர்மன் வழங்கல் ஏற்கனவே மாதக்கணக்காகத் தள்ளாடிக்கொண்டிருந்தது.

இனி உங்கள் தலைப்புக்கு வருகிறேன். சாப்பாட்டை ஜேர்மனியிலிருந்து ஏற்றி வரும் எண்ணம் ஆரம்பத்திலேயே கிடையாது. படை பிடித்த இடத்துச் சாப்பாட்டையே தின்ன வேண்டும் என்று 1941 மே 2ஆம் திகதி அரச செயலாளர்களின் கூட்டத்தில் எழுதி வைத்தார்கள். முழுப் படைக்கும் ரஷ்யாவிலிருந்து உணவு எடுத்தால்தான் யுத்தத்தைத் தொடர முடியும். எடுத்தால் அங்கே கோடிக்கணக்கில் சாவார்கள் என்பதில் ஐயமில்லை என்பதே அந்தக் குறிப்பின் சாரம். இப்படி எழுதிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போயிருக்கிறார்கள்.

கண்டி_சுவடி:

மேலே சொன்னதைத் தொடர்கிறேன். மூன்றாவது கேள்விக்கு விடை இங்கேதான்.

பட்டினித் திட்டத்தின் மூளை ஜேர்மன் உணவு அமைச்சின் செயலாளர் ஹேர்பர்ட் பாக்கே. 1914–18 யுத்தத்தில் கடல் முற்றுகையால் ஜேர்மன் நகரங்களில் பட்டினி வந்தது, அதனால்தான் உள்நாடு குலைந்தது என்ற பயம் நாஸித் தலைமைக்கு விடாமல் இருந்தது. பாக்கேயின் கணக்கு சோவியத் யூனியனை இரண்டாகப் பிரித்தது. தெற்கே உக்ரேன் பக்கம் தானியம் மிஞ்சும் பிரதேசம். வடக்கே மொஸ்கோ, லெனின்கிராட் உள்ளிட்ட காட்டுப் பிரதேசம் தானியம் வாங்கித் தின்னும் பிரதேசம். இரண்டுக்கும் இடையில் தொடர்பை அறுத்து, மிச்சத்தை ஜேர்மனி எடுக்க வேண்டும். வடக்கே கிட்டத்தட்ட 3 கோடிப் பேர் மிகையான வாய்கள் என்று கணித்தார்கள். மே 23ஆம் திகதிய பொருளாதார வழிகாட்டல், அந்த மக்களைக் காப்பாற்றத் தெற்கிலிருந்து தானியம் அனுப்பக்கூடாது, அனுப்பினால் ஜேர்மனியின் யுத்தத் தாக்குப்பிடிப்பு குலையும் என்று வெளிப்படையாகவே சொல்கிறது.

எழுதியபடி அதைச் செய்ய முடியவில்லை. ஏன் என்று வகுப்பில் கட்டாயம் விளக்குங்கள். ஒரு நாட்டின் பாதியைச் சுற்றி வேலி போடப் படையில்லை. யுத்தமும் எட்டு, பத்துக் கிழமையில் முடியவில்லை. கிராமத்து ஆட்கள் நடந்து போய்ப் பண்டமாற்றுச் செய்தார்கள், கள்ளச் சந்தை உருவானது. அதனால் பட்டினி, தப்பி ஓட வழியில்லாதவர்கள் மேல் முழுப் பாரமாக இறங்கியது: முள்வேலிக்குள் கைதிகள், முற்றுகைக்குள் லெனின்கிராட், கெட்டோக்கள் எனும் அடைத்து வைத்த குடியிருப்புகளுக்குள் யூதர்கள், கார்கிவ் போன்ற பிடிபட்ட நகரங்களின் மக்கள்.

முதலில் கைதிகள். 1941 ஜூலை தொடக்கத்தில் மின்ஸ்க் நகரில் ஏறக்குறைய ஒரு இலட்சம் கைதிகளையும் 40,000 பொதுமக்களையும் ஒரு நகரச் சதுக்கத்தின் அளவுள்ள இடத்தில் அடைத்து வைத்திருந்ததாக ஒரு ஜேர்மன் அதிகாரியே பேர்லினுக்கு அறிக்கை அனுப்பினார். அசைய இடமில்லை, நின்ற இடத்திலேயே எல்லாம். ஒக்டோபர் 21இல், வேலை செய்யாத கைதிகளின் உணவுப் பங்கு குறைக்கப்பட்டது. நவம்பர் 13இல் ஓர்ஷா நகரில் நடந்த கூட்டத்தில் வாக்னர், வேலை செய்யாத கைதிகள் பட்டினி கிடந்து சாக வேண்டியதுதான் என்றார். மேலே ஊவா_வாசகன் சொன்ன அதே வாக்னர். கொலைப் படைக்கு எண்ணெய் ஒதுக்கியதும் கைதிக்குச் சோறு மறுத்ததும் ஒரே மேசை. 1942 பெப்ரவரிக்குள் பிடிபட்ட சுமார் 33 இலட்சம் பேரில் ஏறத்தாழ 20 இலட்சம் பேர் செத்துவிட்டார்கள். யுத்தம் முடியும்போது 57 இலட்சத்தில் 30 இலட்சத்துக்கும் மேல்.

"அவ்வளவு பேர் திடீரென்று பிடிபட்டால் யாரால் சாப்பாடு போட முடியும்?" என்று ஒரு பிள்ளை கேட்கக்கூடும். நல்ல கேள்வி. அதற்கு இரண்டு பதில். பெரும் சுற்றிவளைப்புகளை நடத்துவதுதான் திட்டமே. கைதிகள் இலட்சக்கணக்கில் வருவார்கள் என்று தெரிந்துதான் இறங்கினார்கள், ஆனால் அதற்கேற்ற கூரையும் உணவும் ஒதுக்கவில்லை. இரண்டாவது, அதே ஜேர்மன் இராணுவத்தின் கையில் இருந்த பிரித்தானிய, அமெரிக்கக் கைதிகளில் இறந்தவர்கள் நூற்றுக்கு 4 பேருக்கும் குறைவு. சோவியத் கைதிகளில் பாதிக்கு மேல்.

லெனின்கிராட். 1941 செப்டெம்பர் 8 முதல் 1944 ஜனவரி 27 வரை, 872 நாள். நகரம் சரணடைய வந்தாலும் ஏற்கக்கூடாது, மக்களுக்கு உணவளிப்பது நம் வேலையல்ல என்பது செப்டெம்பர் மாதத்திலேயே எடுத்த முடிவு. நவம்பர் 20 முதல் டிசம்பர் 25 வரை தொழிலாளிக்கு ஒரு நாளைக்கு 250 கிராம் பாண். பிள்ளைகளுக்கும் தங்கி வாழ்வோருக்கும் அலுவலக ஊழியருக்கும் 125 கிராம். ஒரு இறாத்தல் பாணை நாலாக வெட்டினால் ஒரு துண்டு கிட்டத்தட்ட அவ்வளவு வரும். அதுவும் முழு மாவில்லை. பருத்திக்கொட்டைப் பிண்ணாக்கும் மரச் செல்லுலோசும் சேர்ந்தது. வேறு கறி, சோறு, எண்ணெய் என்று நம்பிச் சொல்ல எதுவும் இல்லை. முற்றுகையில் ஏறக்குறைய பத்து இலட்சம் பொதுமக்கள் இறந்தார்கள், பெரும்பாலும் பட்டினியால், அதுவும் முதல் குளிர்காலத்திலேயே அதிகம்.

ஹட்டன்_வரலாறு:

மிக்க நன்றி. வாக்னரின் பெயர் இரண்டு இடத்திலும் வருவதை நான் கவனித்ததே இல்லை, அதையே பாடத்தின் தொடக்கமாக வைக்கலாம். இரண்டாவது கேள்வி மட்டும் பாக்கி. சில ஆயிரம் பேர் எப்படி? ஒரு இடத்தை எடுத்து ஒழுங்காகச் சொல்ல முடியுமா?

ஊவா_வாசகன்:

முடியும். முதலில் ஆள் கணக்கு. ஐன்ஸாட்ஸ்குருப்பன் நான்கும் சேர்ந்து சுமார் 3,000 பேர். 'ஏ' பிரிவு வடக்குப் படைத்தொகுதியோடு பால்டிக் பக்கம், 'பி' நடுப் படைத்தொகுதியோடு பெலாரஸ், 'சி' தெற்குப் படைத்தொகுதியோடு உக்ரேன், 'டி' 11ஆவது இராணுவத்தோடு தென் உக்ரேனும் கிரிமியாவும். படை நகரும் பாதையிலேயே கொலையும் நகர்ந்தது என்பதை வரைபடத்தில் கோடு போட்டுக் காட்டலாம். ஆனால் கொன்றவர்கள் இந்த 3,000 பேர் மட்டுமல்ல. பொலிஸ் பட்டாலியன்கள், ஹிம்லரின் எஸ்.எஸ். படையணிகள், உள்ளூர்த் துணைப் பொலிஸார், ருமேனியப் படை எல்லாம் சேர்ந்தன. ஜூலை கடைசியில் ஹிம்லர் ஆட்பலத்தைக் கூட்டியதும், பெண்களும் குழந்தைகளும் கொலையில் சேர்க்கப்பட்டதும் ஒரே காலம். ஓகஸ்ட் 26 முதல் 28 வரை உக்ரேனின் கமியனெட்ஸ்-பொடில்ஸ்கியில் 23,600 யூதர்களைக் கொன்றார்கள்.

உக்ரேனின் கியெவ் நகரை எடுத்துக்கொள்ளுங்கள். செப்டெம்பர் 19இல் 6ஆவது இராணுவம் உள்ளே போனது. 24இல் நகர மையத்தில் குண்டுகள் வெடித்து, ஜேர்மன் அலுவலகங்கள் இருந்த கட்டடங்கள் எரிந்தன. குண்டுகளைப் பின்வாங்கிய சோவியத் தரப்பு புதைத்திருந்தது. பழியை யூதர்கள் மேல் போட்டு, இராணுவ நகரத் தளபதியும் எஸ்.எஸ். அதிகாரிகளும் ஒன்றாக உட்கார்ந்து முடிவெடுத்தார்கள். ரஷ்யம், உக்ரேனியம், ஜேர்மன் ஆகிய மூன்று மொழியில் சுவரொட்டி. அதை அச்சடித்தது இராணுவத்தின் அச்சகம். நகரத்தின் எல்லா யூதர்களும் 29ஆம் திகதி திங்கட்கிழமை காலை 8 மணிக்கு மெல்னிகோவா வீதி மூலைக்கு வர வேண்டும்; அடையாளப் பத்திரம், பணம், பெறுமதியான பொருள், குளிருக்கு உடுப்பு கொண்டுவர வேண்டும்; வராதவர் சுடப்படுவார். இடம் மாற்றப் போகிறார்கள், ரயில் இருக்கிறது என்று சனம் நம்பியது. கிழவர்களும் தாய்மாரும் பிள்ளைகளும் மூட்டையோடு நடந்தார்கள். ஆண்களில் பலர் ஏற்கனவே போர்முனைக்குப் போயிருந்தார்கள்.

வழியில் ஒவ்வொரு தடையாக: முதலில் பத்திரம், பிறகு மூட்டை, பிறகு நகை, கடைசியில் உடுப்பு. திரும்பிப் போக வழியில்லாதபடி காவல். பாபின் யார் பள்ளத்தாக்கில் 'சி' பிரிவின் ஓர் அலகான சொண்டர்கொமாண்டோ 4ஏயும் பொலிஸ் பட்டாலியன்களும் இரண்டு நாளில் 33,771 பேரைச் சுட்டன. பிறகு இராணுவப் பொறியியலாளர்கள் பள்ளத்தின் கரையை வெடிவைத்துச் சரித்து மூடினார்கள். அந்த எண்ணிக்கை கொலைகாரர்களே ஒக்டோபர் 2இல் பேர்லினுக்கு அனுப்பிய 101ஆம் இலக்க அறிக்கையில் இருக்கிறது. சுவரொட்டி, காவல், மண் மூடுதல் என்று இராணுவத்தின் கை எங்கெங்கே பட்டது என்று பிள்ளைகளையே எண்ணச் சொல்லுங்கள்.

கியெவுக்கு ஒரு மாதம் முன் பிலா செர்க்வாவில் நடந்ததையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பெற்றோரைக் கொன்றபின் 90 பிள்ளைகளை ஒரு வீட்டில் தண்ணீரும் பாலும் இல்லாமல் அடைத்து வைத்தார்கள். இராணுவ மதகுருமார் முறைப்பாடு செய்தார்கள். குரோஸ்கூர்த் என்ற இராணுவ அதிகாரி கொலையை இடைநிறுத்தி மேலே எழுதினார். 6ஆவது இராணுவத் தளபதி ரைஹெனாவ், தொடங்கியதை முடிக்க வேண்டும் என்று தீர்மானித்தார். ஓகஸ்ட் 22இல் பிள்ளைகளைச் சுட்டார்கள். இராணுவத்தால் நிறுத்த முடிந்தது, ஒருவர் நிறுத்தியும் பார்த்தார், மேலிடம்தான் நடத்தச் சொன்னது. இதை வாசிக்கும்போது யாருக்கும் நெஞ்சு அடைக்கும்; ஆனாலும் மறைக்காமல் சொல்ல வேண்டிய விஷயம். அதே ரைஹெனாவ் ஒக்டோபர் 10இல், கிழக்கில் படைவீரன் சாதாரண போர் விதிகளுக்கு அப்பாற்பட்டவன், யூதர்களுக்கான கடும் தண்டனையின் அவசியத்தை அவன் விளங்கிக்கொள்ள வேண்டும் என்று படைக்குச் சுற்றறிக்கை விட்டார். மற்றத் தளபதிகள் பலரும் அதைத் தங்கள் படைகளுக்கு அனுப்பினார்கள்.

உணவுத் திட்டம் சுடுகுழியோடு சேர்ந்த இடமும் உண்டு. 1941 டிசம்பரில் கிரிமியாவின் சிம்ஃபெரோபோலில், உணவுக்கும் தங்குமிடத்துக்கும் தட்டுப்பாடு என்று சொல்லி, யூதர்களைச் சீக்கிரம் முடிக்கச் சொன்னது 11ஆவது இராணுவம்தான் என்று 'டி' பிரிவின் தலைவர் ஓலன்டோர்ஃப், யுத்தத்துக்குப் பின் நியூரம்பேர்க்கில் நடந்த போர்க்குற்ற விசாரணையில் சாட்சி சொன்னார். தன் பிரிவு சுமார் 90,000 பேரைக் கொன்றதாகவும் அதே சாட்சியத்தில் ஒப்புக்கொண்டார்.

கண்டி_சுவடி:

ஆவணம் பற்றி ஒரு வார்த்தை. மேலே சொன்ன 101ஆம் இலக்க அறிக்கை ஒரு தொடரில் ஒன்று: 1941 ஜூன் 23 முதல் 1942 ஏப்ரல் 24 வரை 195 அறிக்கைகள். யுத்தத்துக்குப் பிறகு பேர்லினில் அமெரிக்க வழக்குத்தொடுநர் குழுவின் கையில் அகப்பட்டன. 1947–48இல் நடந்த ஐன்ஸாட்ஸ்குருப்பன் வழக்கு பெரும்பாலும் அவற்றின் மேலேயே நின்றது; 27 வயது பெஞ்சமின் ஃபெரென்ஸ் தலைமை வழக்குத்தொடுநர். 14 பேருக்கு மரண தண்டனை விதித்தார்கள், 4 பேருக்குத்தான் 1951இல் நிறைவேற்றினார்கள்.

வகுப்பில் எல்லாச் சாவையும் ஒரே கூடையில் போடாதீர்கள். யூதர்களை ஒருவர் மிஞ்சாமல் கொல்வது நோக்கம். ரோமா மக்களையும் மனநோயாளிகளையும் அதே படைகள் கொன்றன. ஸ்லாவிய மக்களுக்கு வைத்திருந்த திட்டம் பட்டினி, துரத்தல், அடிமை வேலை. சோவியத் தரப்பில் மொத்தம் ஏறக்குறைய 2 கோடியே 70 இலட்சம் பேர் இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் பொதுமக்கள். போர்முனையில் விழுந்தவர்களையும் முள்வேலிக்குள் பட்டினியில் செத்த கைதிகளையும் "இராணுவ இழப்பு" என்று ஒன்றாகச் சேர்த்தால் நீங்கள் கேட்ட முடிச்சே கண்ணுக்குத் தெரியாமல் போகும்.

படங்கள் எடுக்கும்போது இன்னும் கவனம். 1995இல் ஜேர்மனியில் தொடங்கிய இராணுவக் குற்றங்கள் பற்றிய கண்காட்சியில் சில படங்களின் விளக்கம் பிழை. சோவியத் தரப்பால் கொல்லப்பட்டவர்களின் உடல்களும் கலந்திருந்தன. 1999இல் நிறுத்தி, ஆய்வாளர் குழு பரிசோதித்தபின் 2001இல் திருத்தித் திறந்தார்கள். இராணுவம் பங்கெடுத்தது என்ற அடிப்படை முடிவு மாறவில்லை; ஆனாலும் அந்தப் பிழை மறுப்பாளர்களுக்கு வாய் கொடுத்துவிட்டது. இணையத்தில் கிடைக்கும் படத்தைப் போடுவதாக இருந்தால் இடம், திகதி, எடுத்தவர், இப்போது எந்த ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது என்ற நான்கும் தெரிந்த படத்தை மட்டும் போடுங்கள்.

நாவலப்பிட்டி_தண்டவாளம்:

வரைபடம் கீறுவதாக இருந்தால், டீச்சர், மூன்று நிறம் போதும். கறுப்பில் மூன்று படைத்தொகுதிகளின் அம்புக்குறி, நீலத்தில் ரயில் பாதை, சிவப்பில் கொலை நடந்த இடங்கள்: கௌனாஸ் (லித்துவேனியா), மின்ஸ்க், கமியனெட்ஸ்-பொடில்ஸ்கி, கியெவ், ரீகா (லத்வியா), சிம்ஃபெரோபோல். ஒவ்வொரு சிவப்புப் புள்ளிக்கும் பக்கத்தில் நகரம் பிடிபட்ட திகதியையும் பெரிய கொலை நடந்த திகதியையும் எழுதச் சொல்லுங்கள். கியெவுக்குப் பத்து நாள் இடைவெளிதான். ரீகா ஜூலை 1இல் பிடிபட்டது, ரும்புலா காட்டில் சுமார் 25,000 பேரைக் கொன்றது நவம்பர் 30இலும் டிசம்பர் 8இலும். இடைவெளி ஏன் இடத்துக்கு இடம் மாறுகிறது என்று கேளுங்கள். கெட்டோ, கட்டாய வேலை, ஆட்பலம் என்று காரணங்களைப் பிள்ளைகளே தேடத் தொடங்குவார்கள்.